ஐம்பது பேரை எண்ண முடியாத அவை

2018 மார்ச் 14 அன்று மக்களவையில் அந்த ஆண்டின் நிதி மசோதா நிறைவேறியது. விவாதம் நடக்கவில்லை. காவிரி மேலாண்மை வாரியம் அமைக்கச் சொல்லி அ.தி.மு.க. உறுப்பினர்கள் அவையின் மையப் பகுதியில் பதாகைகளோடு நின்றிருந்தார்கள். ஆந்திரத்துக்குச் சிறப்பு அந்தஸ்து கேட்டுத் தெலுங்கு தேசமும் ஒய்.எஸ்.ஆர். காங்கிரசும் ஒரு பக்கம் முழக்கமிட்டன. பஞ்சாப் நேஷனல் வங்கி மோசடியைப் பற்றிப் பேசியாக வேண்டும் என்று காங்கிரஸ் இன்னொரு பக்கம் குரல் எழுப்பியது. அந்த இரைச்சலுக்கு நடுவே அமைச்சகங்களின் மானியக் கோரிக்கைகள் எல்லாம் 'கில்லட்டின்' முறையில் ஒரே மூச்சில் வாக்கெடுப்புக்கு விடப்பட்டன. அரை மணி நேர அளவில் நாட்டின் ஓராண்டு வரவு செலவு முடிந்துபோனது. அந்த மசோதாவுக்குள் ஓரமாக ஒரு பிரிவும் இருந்தது. வெளிநாட்டு நன்கொடைச் சட்டத்தில் அரசியல் கட்சிகளுக்குச் சாதகமாக ஏற்கெனவே செய்திருந்த ஒரு தளர்வை 1976 வரை பின்னோக்கிச் செல்லுபடியாக்கும் பிரிவு அது. அதைப் பற்றியும் யாரும் பேசவில்லை. மறுநாள் பணிக்கொடைச் சட்டத் திருத்தமும் வேறொரு மசோதாவும் அதே கூச்சலில் குரல் வாக்கெடுப்பில் நிறைவேறின.

அதற்கு அடுத்த நாள், மார்ச் 16, அரசின் மீது நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொண்டுவருவதற்கான நோட்டீஸ்கள் வந்தன. மக்களவை நடத்தை விதிகளில் 198-ஆம் விதி இதற்கான வழியைச் சொல்கிறது. நோட்டீஸ் முறையாக இருந்தால் சபாநாயகர் அதை அவையில் படிக்க வேண்டும். ஆதரிப்பவர்களை எழுந்து நிற்கச் சொல்ல வேண்டும். ஐம்பது பேருக்குக் குறையாமல் எழுந்து நின்றால் பத்து நாளுக்குள் விவாதத்துக்கு நாள் குறிக்க வேண்டும். அப்போதைய சபாநாயகர் சுமித்ரா மகாஜன் சொன்ன காரணம் எளிமையானது: அவை ஒழுங்கில் இல்லை, இந்த நிலையில் ஐம்பது பேரை எண்ண முடியாது. ஏப்ரல் 6-இல் கூட்டத்தொடர் முடியும்வரை நோட்டீஸ் வருவதும், அமளி எழுவதும், அவை ஒத்திவைக்கப்படுவதுமாகவே நாள்கள் கழிந்தன. கடைசியில் ஜூலை 20 அன்று விவாதம் நடந்தபோது தீர்மானம் 126-க்கு 325 என்று தோற்றது. மார்ச்சில் மையப் பகுதியை நிறைத்திருந்த அ.தி.மு.க. அந்த 325-இல் இருந்தது.

இது ஒரு கட்சியின் தந்திரம், ஒரு சபாநாயகரின் சாய்வு என்று சொல்லிவிட்டுப் போவது எளிது. ஆனால் நான்கு ஆண்டு பின்னால் போனால் அந்த விளக்கம் நிற்காது. 2013 டிசம்பரில் காங்கிரஸ் ஆட்சி. சபாநாயகர் மீரா குமார். ஆந்திரப் பிரிவினையை எதிர்த்துத் தெலுங்கு தேசமும், காங்கிரசின் சீமாந்திர உறுப்பினர்கள் சிலரும் சொந்த அரசின் மீதே நம்பிக்கையில்லாத் தீர்மான நோட்டீஸ் கொடுத்தார்கள். அவை ஒழுங்கில் இல்லாததால் ஆதரவாளர்களை எண்ண முடியவில்லை என்பதே அப்போதும் பதில். 2014 பிப்ரவரி 13 அன்று அவைக்குள் மிளகுப்பொடித் தெளிப்பான் பீய்ச்சப்பட்டு உறுப்பினர்கள் மருத்துவமனைக்குப் போனார்கள். ஐந்தே நாள் கழித்து, நேரடி ஒளிபரப்பு நின்றுபோயிருந்த நேரத்தில், தெலங்கானா மசோதா குரல் வாக்கெடுப்பில் நிறைவேறியது. ஒரு மாநிலத்தை இரண்டாகப் பிரிப்பதற்கு அந்த அமளி தடையாகவில்லை. ஐம்பது தலைகளை எண்ணுவதற்கு மட்டும் தடையாகியிருந்தது. இரண்டு சபாநாயகர்கள், எதிரெதிர்க் கட்சிகள், ஒரே வாக்கியம்.

ஆகவே, நம் நாடாளுமன்றத்தின் சிக்கலை அவைத் தலைவர்களின் குணநலனில் தேடுவது பயன் தராது என்பது என் கருத்து. அவையை நடத்தும் விதிகள் எந்தெந்த இடத்தில் ஆளுங்கட்சிக்குச் சங்கடம் வரக்கூடுமோ அங்கெல்லாம் தீர்மானத்தை ஒரு தனி நபரின் விருப்பத்துக்கு விட்டுவிடுகின்றன. அந்த நபரோ தம் நாற்காலிக்கு அதே ஆளுங்கட்சியின் பெரும்பான்மையை நம்பியிருப்பவர். அரசமைப்புச் சட்டத்தின் 94-ஆம் உறுப்பின்படி, பதினான்கு நாள் நோட்டீஸ் கொடுத்து அவையின் மொத்த உறுப்பினர்களில் பெரும்பான்மையோர் வாக்களித்தால் சபாநாயகர் பதவி போய்விடும். 1954, 1987 ஆண்டுகளில் எதிர்க்கட்சிகள் கொண்டுவந்த நீக்கத் தீர்மானங்கள் தோற்றதற்குக் காரணமும் அதே எண்ணிக்கைதான். அவரை நீக்கவோ காப்பாற்றவோ வல்லது ஆளுங்கட்சி மட்டுமே. இந்த ஏற்பாட்டில் நடுநிலையை ஒருவரிடம் எதிர்பார்ப்பது அவரிடம் தியாகத்தை எதிர்பார்ப்பது. தியாகத்தை நம்பி எந்த அமைப்பையும் கட்ட முடியாது.

வாக்கெடுப்பு விதியை எடுத்துக்கொள்வோம். சபாநாயகர் கேள்வியை முன்வைக்கிறார். ஆம் என்போரும் இல்லை என்போரும் குரல் கொடுக்கிறார்கள். எந்தப் பக்கம் ஓங்கியது என்று அவர் அறிவிக்கிறார். அதை யாராவது மறுத்தால் 'டிவிஷன்', அதாவது பெயர் பதிவாகும் வாக்கெடுப்பு, நடக்க வேண்டும் என்பதுதான் 367-ஆம் விதியின் பொது நோக்கம். ஆனால் தேவையில்லாமல் டிவிஷன் கேட்கிறார்கள் என்று சபாநாயகர் கருதினால் எழுந்து நிற்கச் சொல்லி எண்ணிவிட்டுப் போகலாம் என்ற ஒரு விலக்கும் அதோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. இந்த விலக்கு பிரிட்டிஷ் காமன்ஸ் அவையிலிருந்து வந்தது. மாநிலங்களவையின் விதிகள் தனியானவை, ஆனாலும் அங்கும் நிலைமை வேறல்ல. 2020 செப்டம்பர் 20 அன்று வேளாண் மசோதாக்களைத் தேர்வுக் குழுவுக்கு அனுப்பச் சொல்லித் தி.மு.க.வின் திருச்சி சிவா தீர்மானம் வைத்திருந்தார். டிவிஷன் கோரப்பட்டது, கிடைக்கவில்லை. அவை ஒழுங்கில் இருக்க வேண்டும், கோருபவர் தம் இருக்கையில் இருக்க வேண்டும் என்பது துணைத் தலைவர் தரப்பின் விளக்கம். சிவா தம் இருக்கையிலிருந்தே கேட்டது தொலைக்காட்சிப் பதிவில் தெரிகிறது என்று நாளேடுகள் எழுதின. யார் சொன்னது சரி என்பது இங்கே இரண்டாம் பட்சம். கோடிக்கணக்கான உழவர்களைத் தொடும் ஒரு சட்டத்துக்கு மாநிலங்களவையில் எத்தனை பேர் ஆதரவு, எத்தனை பேர் எதிர்ப்பு என்ற கணக்கு இன்றுவரை எந்த ஆவணத்திலும் இல்லை என்பதே முதன்மையானது. அந்தச் சட்டங்கள் ஓராண்டுக்கும் மேல் நீடித்த போராட்டத்துக்குப் பின் 2021 நவம்பர் 29 அன்று திரும்பப் பெறப்பட்டபோதும் விவாதம் இல்லை. இரு அவைகளிலும் சில நிமிடங்களில் வேலை முடிந்தது.

இதற்கு நேர் எதிரான ஒரு சான்று அதே விதிப்புத்தகத்தில் இருக்கிறது. அரசமைப்புத் திருத்த மசோதாவுக்குச் சிறப்புப் பெரும்பான்மை தேவை என்று 368-ஆம் உறுப்பு சொல்வதால், அத்தகைய வாக்கெடுப்பு டிவிஷனாகவே நடக்க வேண்டும் என்று விதி கட்டாயப்படுத்துகிறது. அங்கே சபாநாயகரின் கருத்துக்கு இடமில்லை. 2021 மழைக்காலக் கூட்டத்தொடர் பெகாசஸ் உளவு விவகாரத்தால் நாள்தோறும் முடங்கியது. சாதாரண மசோதாக்கள் கூச்சலுக்கு நடுவே நிமிடக் கணக்கில் போய்க்கொண்டிருந்தன. ஆனால் பிற்படுத்தப்பட்டோர் பட்டியலை மாநிலங்களே வகுத்துக்கொள்ள வழிசெய்த 127-ஆவது திருத்த மசோதா ஆகஸ்ட் 10 அன்று வந்தபோது அவை அமைதியானது, விவாதம் நடந்தது, வாக்குகள் எண்ணப்பட்டன, எதிர்த்து ஒரு வாக்குகூட விழவில்லை. எதிர்க்கட்சிகளுக்கும் அந்த மசோதா வேண்டியிருந்தது, அதனால் ஒத்துழைத்தார்கள் என்பது உண்மை. ஆனால் அவர்களை அழைத்துப் பேசி ஒத்துழைக்க வைக்க வேண்டிய நிலையை அரசுக்கு உண்டாக்கியது அந்த எண்ணிக்கை விதி. எண்ணியே ஆக வேண்டும் என்று விதி சொன்னால் எண்ணுவதற்கான சூழ்நிலையை உருவாக்கும் பொறுப்பு பெரும்பான்மையின் தலையில் விழுகிறது. எண்ணலாம், எண்ணாமலும் விடலாம் என்று விட்டால் சூழ்நிலை கெட்டிருப்பதே அதற்கு வசதியாகிவிடுகிறது.

வாக்கைவிடப் பெரிய சொத்து நேரம். அவை எப்போது கூடும், எப்போது கலையும் என்பதை 85-ஆம் உறுப்பின்படி குடியரசுத் தலைவர் தீர்மானிக்கிறார், நடைமுறையில் அமைச்சரவை. ஆறு மாதத்துக்கு மேல் இடைவெளி கூடாது என்பது ஒன்றே கட்டுப்பாடு. முதல் மக்களவை தன் காலத்தில் 677 நாள் அமர்ந்தது. 2019 முதல் 2024 வரை இருந்த 17-ஆவது மக்களவை 274 நாள். கூடிய நாளிலும் அரசு அலுவல்களுக்கே முன்னுரிமை. அவற்றின் வரிசையைச் சபாநாயகர் அவை முன்னவரைக் கலந்து தீர்மானிக்கிறார் என்று 25-ஆம் விதி சொல்கிறது. தனிநபர் மசோதாக்களுக்கு வெள்ளிக்கிழமை மாலையில் இரண்டரை மணி நேரம். அப்படி வந்து சட்டமான கடைசி மசோதா 1970-ஆம் ஆண்டுக்குரியது. 2015-இல் திருச்சி சிவா கொண்டுவந்த திருநங்கையர் உரிமை மசோதாவை மாநிலங்களவை நிறைவேற்றியது பெரிய செய்தியானதற்குக் காரணம், அப்படி எதுவும் பல பத்தாண்டுகளாக நடக்காமல் இருந்ததுதான். அதுவும் மக்களவையைத் தாண்டவில்லை.

நேரம் அவைக்குள் சுருங்கும்போது அதை ஈடுகட்டத்தான் நிலைக்குழுக்கள் வந்தன. 1993-இல் சிவராஜ் பாட்டீல் சபாநாயகராக இருந்தபோது துறைவாரியாக 17 குழுக்கள் அமைந்தன. 2004-இல் அவை 24 ஆயின. கேமரா இல்லாத அறையில், கட்சிக் கொறடாவின் ஆணை இல்லாமல், அதிகாரிகளை எதிரில் உட்காரவைத்து ஒரு மசோதாவை வரிவரியாகப் பார்க்க உறுப்பினர்களுக்குக் கிடைத்த ஒரே இடம் அது. ஆனால் எந்த மசோதா குழுவுக்குப் போக வேண்டும் என்பதற்கு விதி எதுவும் கட்டாயமாகச் சொல்லவில்லை. அவைத் தலைவர் அனுப்பினால் உண்டு. 2009-14 காலத்தில் நூற்றுக்குச் சுமார் 71 மசோதாக்கள் குழுக்களுக்குப் போயின. 2019-24 காலத்தில் அது 16 அளவுக்கு இறங்கியது. இடைப்பட்ட ஆண்டுகளில் விதியில் ஓர் எழுத்தும் மாறவில்லை. 2014-க்கு முன் கூட்டணி அரசுக்குத் தோழமைக் கட்சிகளின் சந்தேகத்தைத் தணிக்க அந்தக் குழுக்கள் தேவைப்பட்டன, தனிப்பெரும்பான்மை அரசுக்குத் தேவைப்படவில்லை. அவ்வளவுதான் வேறுபாடு.

துணை சபாநாயகர் பதவியின் கதை இதைவிடத் துலக்கமானது. கூடிய விரைவில் இருவரையும் தேர்ந்தெடுக்க வேண்டும் என்று 93-ஆம் உறுப்பு சபாநாயகரையும் துணை சபாநாயகரையும் ஒரே வாக்கியத்தில் வைத்துச் சொல்கிறது. ஆனால் தேர்தல் நாளைக் குறிப்பதில் விதிகள் இரண்டாகப் பிரிகின்றன. சபாநாயகர் தேர்தலுக்குக் குடியரசுத் தலைவர் நாள் குறிக்கிறார். துணை சபாநாயகர் தேர்தலுக்குச் சபாநாயகர் நாள் குறிக்கிறார். 1990-களிலிருந்து பெரும்பாலும் ஆளுங்கட்சி அல்லாதவருக்கே போய்வந்த அந்தப் பதவியில் 2014 முதல் 2019 வரை மு. தம்பிதுரை இருந்தார். அதன்பின் வந்த 17-ஆவது மக்களவை, தன் ஐந்தாண்டும் துணை சபாநாயகர் இல்லாமலேயே வாழ்ந்து முடிந்த முதல் மக்களவை. சபாநாயகர் பதவி விலகினால் கடிதத்தைத் துணை சபாநாயகரிடம்தான் கொடுக்க வேண்டும் என்கிறது அரசமைப்புச் சட்டம். ஐந்தாண்டுக்கு அந்தக் கடிதத்தை வாங்க ஆள் இல்லை. நாள் குறிக்காமல் இருப்பதற்கு எந்த உத்தரவும் தேவையில்லை, எந்தக் காரணமும் சொல்ல வேண்டியதில்லை. சும்மா இருந்தால் போதும்.

சும்மா இருப்பதன் வலிமையைக் கட்சித் தாவல் தடைச் சட்டம் இன்னும் கூர்மையாகக் காட்டியிருக்கிறது. 1985-இல் வந்த பத்தாவது அட்டவணை, யார் பதவி இழந்தார் என்று தீர்ப்புச் சொல்லும் வேலையைச் சபாநாயகருக்குக் கொடுத்தது. கால வரம்பு வைக்கவில்லை. 1992-இல் கிஹோட்டோ ஹோலோஹன் வழக்கில் உச்ச நீதிமன்றம் மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் அதை ஏற்றுக்கொண்டது. மாறுபட்ட இரு நீதிபதிகள், பெரும்பான்மையின் தயவில் பதவியில் இருப்பவர் சுதந்திரமான தீர்ப்பாளராக முடியாது என்று எழுதினார்கள். மாநிலங்களுக்கும் இதே சட்டம் என்பதால் தமிழ்நாட்டிலேயே அதன் இரு முகங்களையும் பார்க்க முடிந்தது. 2017 ஆகஸ்டு 22 அன்று முதல்வர் மீது நம்பிக்கை இல்லை என்று ஆளுநரிடம் கடிதம் கொடுத்த 18 அ.தி.மு.க. சட்டமன்ற உறுப்பினர்கள் செப்டம்பர் 18 அன்று தகுதி இழந்தார்கள். ஒரு மாதம்கூட ஆகவில்லை. அதே ஆண்டு பிப்ரவரியில் நம்பிக்கை வாக்கெடுப்பில் அரசை எதிர்த்தே வாக்களித்த 11 பேர் விவகாரம், அவர்கள் பின்னர் ஆளுந்தரப்போடு இணைந்துவிட்டதால், 2020 வரை முடிவில்லாமல் கிடந்தது. சபாநாயகர் ஒருவரே, சட்டமும் ஒன்றே. 2020 ஜனவரியில் மணிப்பூர் வழக்கில், இந்த வேலையைச் சபாநாயகரிடமிருந்து எடுத்து நிலையான தீர்ப்பாயத்திடம் கொடுப்பதைப் பற்றி நாடாளுமன்றம் யோசிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே சொன்னது.

இதற்கு உடனே வரும் மறுப்பு: நல்ல சபாநாயகர்கள் இருந்திருக்கிறார்களே. இருந்தார்கள். ஆனால் அவர்களுடைய வாழ்க்கையே என் வாதத்துக்குச் சாட்சி. நீலம் சஞ்சீவ ரெட்டி 1967-இல் சபாநாயகரானதும் கட்சியை விட்டு முறைப்படி விலகினார். இரண்டே ஆண்டில் குடியரசுத் தலைவர் தேர்தலுக்குக் காங்கிரஸ் வேட்பாளராக நிற்க நாற்காலியை விட்டார். அவருக்குப் பின் அந்த நாற்காலியில் அமர்ந்தவர்கள் கட்சியை விட்டு விலகவில்லை. பதவிக்காகக் கட்சியை விடுபவருக்குத் தகுதியிழப்பு கிடையாது என்று பத்தாவது அட்டவணை கதவைத் திறந்து வைத்த பிறகும் விலகவில்லை. 2008 ஜூலை 22-இன் நம்பிக்கை வாக்கெடுப்புக்கு முன் பதவி விலகுமாறு மார்க்சிஸ்ட் கட்சி சொன்னதைச் சோம்நாத் சாட்டர்ஜி ஏற்கவில்லை. மறுநாளே கட்சி அவரை வெளியேற்றியது. அடுத்த தேர்தலில் அவர் நிற்கவில்லை.

இன்னும் பழைய சான்று ஒன்று உண்டு. எனக்கு அதுவே மிக முக்கியமானதாகப் படுகிறது. 1925-இல் மத்தியச் சட்டமன்றத்தின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் இந்தியர் விட்டல்பாய் படேல். 1929 ஏப்ரலில் ஆங்கில அரசு பொதுப் பாதுகாப்பு மசோதாவைக் கொண்டுவந்தபோது, மீரட் சதி வழக்கு நீதிமன்றத்தில் இருக்கையில் அதே பொருளை இங்கே விவாதிக்க முடியாது என்று சொல்லி அதை அவையில் எடுக்க மறுத்தார். பகத்சிங்கும் படுகேஷ்வர் தத்தும் குண்டு வீசிய அந்தக் கூட்டத்தொடர்தான் அது. வைஸ்ராய் இர்வின் அவசரச் சட்டம் பிறப்பித்தார். அவைத் தலைவருக்கு இனி அந்த அதிகாரம் இருக்காதபடி விதியைத் திருத்துவதாகவும் அறிவித்தார். படேலின் துணிச்சலை எல்லோரும் பாராட்டுகிறோம். ஆனால் அவரைத் தேர்ந்தெடுத்ததும் நீக்கக்கூடியதும் சட்டமன்றம். நிர்வாகத்தால் தனியாக அவரை நீக்க முடியாது. சுதந்திர இந்தியாவில் அவையின் பெரும்பான்மையே நிர்வாகமாகிவிட்டதால் அந்த இடைவெளி மறைந்தது. அந்நிய அரசுக்கெதிராக அவைத் தலைவருக்கு இருந்த சுதந்திரம் சொந்த அரசுக்கெதிராக இல்லாமல்போனது விந்தைதான். இர்வினுக்கு அந்தத் தீர்ப்பைத் தாண்ட வேறு வழி இருக்கவில்லை, விதியை வெளிப்படையாக மாற்ற வேண்டியிருந்தது என்பதையும் கவனிக்க வேண்டும். அதற்குப் பின்னால் வருகிறேன்.

பிரிட்டனில் இதே விதிகள் நன்றாகத்தானே நடக்கின்றன என்று கேட்கலாம். அங்கே விதியைச் சுற்றி வேறு சில ஏற்பாடுகள் வளர்ந்திருக்கின்றன. சபாநாயகர் கட்சியை விடுகிறார். அடுத்த தேர்தலில் பெரிய கட்சிகள் அவரை எதிர்த்து ஆள் நிறுத்துவதில்லை. 2009 முதல் அவர் ரகசிய வாக்கில் தேர்ந்தெடுக்கப்படுகிறார். அரசு அலுவலுக்கே முன்னுரிமை என்ற விதி அங்கும் உண்டு, ஆனால் ஒவ்வொரு கூட்டத்தொடரிலும் 20 நாள் எதிர்க்கட்சிகளுக்கு என்று எழுதிவைத்திருக்கிறார்கள். அந்த நாளில் என்ன பேச வேண்டும் என்பதை எதிர்க்கட்சி தீர்மானிக்கும். நாம் விதிகளைக் கொண்டுவந்தோம், அவற்றைத் தாங்கிநின்ற மரபுகளைக் கொண்டுவரவில்லை. மரபை எழுதிவைக்க முடியாது என்பதும் சரியல்ல. அயர்லாந்தின் அரசமைப்புச் சட்டம், அவைத் தலைவராக இருந்தவர் அடுத்த பொதுத்தேர்தலில் போட்டியில்லாமலே தேர்வானதாகக் கருதப்பட வழிசெய்கிறது. அயர்லாந்திடமிருந்து வழிகாட்டு நெறிகளை எடுத்துக்கொண்ட நம் அரசமைப்பு மேதைகளின் கண்ணில் இது மட்டும் படாமல் போயிற்று, அல்லது பட்டும் தேவையில்லை என்று விட்டுவிட்டார்கள்.

வலுவான மறுப்பு வேறொன்று. எதிர்க்கட்சிகள் அவையை நடத்தவிடாதபோது சபாநாயகர் என்ன செய்வார்? விருப்புரிமை இல்லாவிட்டால் கூச்சல் போடுகிறவன் கையில் அவை சிக்கிவிடாதா? இந்தக் கவலை நியாயமானது. எல்லாக் கட்சிகளும் எதிர்வரிசையில் இருக்கும்போது அவையை முடக்கியிருக்கின்றன. ஆளும் வரிசைக்கு வந்ததும் அதைக் கண்டித்திருக்கின்றன. ஆனால் விருப்புரிமை அமளியைக் குறைத்ததா என்று பார்க்க வேண்டும். 1989 மார்ச் 15 அன்று ஒரே நாளில் 63 பேர் மக்களவையிலிருந்து இடைநீக்கம் செய்யப்பட்டார்கள். 2001-இல், மையப் பகுதிக்கு வந்து அமளி செய்பவரைச் சபாநாயகர் பெயரிட்டாலே தானாக இடைநீக்கம் என்று 374ஏ என்ற புதிய விதி சேர்க்கப்பட்டது. 2019 ஜனவரியில் அ.தி.மு.க., தெலுங்கு தேசம் உறுப்பினர்கள் 45 பேர் வெளியே போனார்கள். 2023 டிசம்பரில் நாடாளுமன்றப் பாதுகாப்பு மீறல் பற்றி உள்துறை அமைச்சர் பதில் சொல்ல வேண்டும் என்று கேட்டதற்காக இரு அவைகளிலும் 146 பேர். அந்தப் பட்டியலில் முதல் நாள் சேலம் தி.மு.க. உறுப்பினர் எஸ்.ஆர். பார்த்திபன் பெயரும் வாசிக்கப்பட்டது. அவர் அன்று அவைக்கே வரவில்லை என்று தெரிந்தபின் பெயர் நீக்கப்பட்டது. அடையாளம் தவறிவிட்டது என்றார்கள். அமளியில் ஐம்பது பேர் எழுந்து நிற்பதை எண்ண முடியாத அவைக்கு, அமளியில் இல்லாத ஒருவர் கண்ணில் பட்டிருந்தார். எதிர்வரிசைகள் பெரும்பாலும் காலியாகக் கிடந்த அந்த வாரத்தில்தான், டிசம்பர் 20 அன்று, இந்தியத் தண்டனைச் சட்டத்துக்கும் குற்றவியல் நடைமுறைச் சட்டத்துக்கும் சாட்சியச் சட்டத்துக்கும் மாற்றான மூன்று மசோதாக்கள் மக்களவையில் நிறைவேறின.

அமளிக்கும் விதிக்கும் உள்ள உறவு இதற்கு நேர்மாறானது என்று நினைக்கிறேன். தனக்கென்று ஒரு மணி நேரமும் இல்லாத கட்சிக்குத் தொலைக்காட்சியில் தன் கோரிக்கையைக் காட்ட மையப் பகுதியைத் தவிர வேறு இடமில்லை. 2018-இல் அ.தி.மு.க.வுக்குக் காவிரி பற்றி விவாதிக்க ஒரு நாள் உறுதியாகக் கிடைத்திருந்தால், பதாகையோடு நிற்க ஒரு சாக்கு குறைந்திருக்கும். முழுதும் தீர்ந்திருக்கும் என்று சொல்லவில்லை; ஒரு தோழமைக் கட்சியின் கூச்சல் அரசுக்கு அனுகூலமாக இருக்கும்போது அந்தக் கூச்சலுக்கு மருந்து தேட அரசுக்கும் அவசரம் இருக்காது. அதனால்தான் எண்ணிக்கையை எழுந்து நிற்பதிலிருந்து எடுத்து, ஐம்பது கையெழுத்துகளைச் செயலகம் சரிபார்ப்பதற்கு மாற்ற வேண்டும். அப்படி மாற்றினால் அமளி யாருக்கும் பயன்படாது.

மக்கள் தீர்ப்பைப் பெற்ற அரசைச் சிறுபான்மை முடக்கலாமா என்றும் கேட்கிறார்கள். முடக்கச் சொல்லவில்லை. 2018 ஜூலையில் விவாதம் நடந்தது, அரசு இரண்டு மடங்குக்கும் மேலான வாக்கில் வென்றது, பிரதமர் பதில் சொன்னார். மார்ச்சிலேயே நடந்திருந்தாலும் முடிவு அதுவாகவே இருந்திருக்கும். எண்ண மறுத்ததால் காப்பாற்றப்பட்டது ஆட்சி அல்ல, நான்கு மாதம் பதில் சொல்லாமல் இருக்கும் வசதி.

விதியை இறுக்குவதிலும் ஆபத்து உண்டு என்பதற்கு அமெரிக்கப் பிரதிநிதிகள் அவை பாடம். 1910 மார்ச்சில் உறுப்பினர்கள் கிளர்ந்து, சர்வாதிகாரி என்று பெயரெடுத்திருந்த சபாநாயகர் ஜோசப் கேனனை விதிக் குழுவிலிருந்து வெளியேற்றினார்கள். அதிகாரம் மறையவில்லை, அந்தக் குழுவுக்குள்ளேயே குடியேறியது. பிற்காலத்தில் அதன் தலைவராக இருந்த வர்ஜீனியாவின் ஹோவர்ட் ஸ்மித் குடிமை உரிமை மசோதாக்களை அங்கேயே கிடப்பில் போட்டார். 1961-இல் குழுவைப் பெரிதாக்கும் தீர்மானம் 217-க்கு 212 என்று மயிரிழையில் நிறைவேறியது. 2023 ஜனவரியில் 15 சுற்று வாக்கெடுப்புக்குப் பின் சபாநாயகரான கெவின் மெக்கார்த்தி, தம்மை நீக்கும் தீர்மானத்தை ஒரே உறுப்பினர்கூடக் கொண்டுவரலாம் என்று விட்டுக்கொடுத்துத்தான் வந்தார்; அக்டோபரில் அதே விதியால் 216-க்கு 210 என்று வீழ்ந்தார். இந்த அனுபவம் ஒரு வேறுபாட்டைக் கற்றுத்தருகிறது. ஒரு பொருளை அவையின் முன் கொண்டுவரவும் எண்ணவும் உரிமை தரும் விதி ஒன்று. அவையைத் தடுத்து நிறுத்த உரிமை தரும் விதி இன்னொன்று. முன்னதை எத்தனை இறுக்கினாலும் பெரும்பான்மை தோற்காது. பின்னது சிலர் கையில் எல்லோரையும் பிணை வைத்துவிடும். நமக்கு வேண்டியது முன்னது மட்டும்: கையெழுத்தால் ஏற்கப்படும் தீர்மானம், ஓர் உறுப்பினர் கேட்டாலே டிவிஷன், அறிமுகமான மசோதா விலக்கு தீர்மானம் இல்லாவிட்டால் தானாகக் குழுவுக்குப் போவது, துணை சபாநாயகர் தேர்தலுக்கும் தகுதியிழப்பு மனுவுக்கும் கெடு, எதிர்க்கட்சிக்கென்று எழுதிய நாள்கள்.

பெரும்பான்மை நினைத்தால் இவற்றையும் மாற்றிவிடுமே என்பது கடைசி மறுப்பு. மாற்றலாம்தான். 118-ஆம் உறுப்பு அவைக்கு அந்த உரிமையைத் தருகிறது. ஆனால் இர்வின் செய்ய வேண்டியிருந்ததைப் போல, நாளறிந்து, பெயரறிந்து, தீர்மானம் போட்டு மாற்ற வேண்டியிருக்கும். சும்மா இருந்து சாதிப்பதைவிட அது கடினம். உண்மையான தடை வேறு இடத்தில் இருக்கிறது. மக்களவையின் விதிக் குழுவில் 15 பேர். அவர்களை நியமிப்பவர் சபாநாயகர். குழுவின் தலைவரும் அவரே. விருப்புரிமையைக் குறைக்கும் யோசனை அந்த விருப்புரிமையின் வழியாகத்தான் அவைக்கு வந்தாக வேண்டும். அதனால் சீர்திருத்தம் நல்ல மனத்தால் வருவதைவிட, எந்தக் கட்சிக்கும் அடுத்த தேர்தலில் தான் எந்தப் பக்கம் உட்காரும் என்று தெரியாத நேரத்தில்தான் வந்திருக்கிறது. நிலைக்குழுக்கள் வந்த 1993-இல் நரசிம்ம ராவ் அரசுக்கு அறுதிப் பெரும்பான்மை இல்லை. பிரிட்டனில் குழுத் தலைவர்களை உறுப்பினர்களே தேர்ந்தெடுக்கும் மாற்றம் 2010-இல் வந்தபோது, செலவுக் கணக்கு ஊழலால் கட்சித் தலைமைகள் தலைகுனிந்திருந்தன. 2024 தேர்தல் பத்தாண்டுக்குப் பின் தனிப்பெரும்பான்மை இல்லாத மக்களவையைத் தந்தது. அந்த அவையின் சபாநாயகர் தேர்தலில் போட்டி இருந்தது. ஓம் பிர்லாவை எதிர்த்துக் கொடிக்குன்னில் சுரேஷ் நிறுத்தப்பட்டார். குரல் வாக்கெடுப்பில் முடிந்தது. எதிர்க்கட்சிகள் டிவிஷனை வலியுறுத்தவில்லை.